நாலாம் கட்டில் சீட்டில் எழுதிய சொல்

அந்தச் சொல்லை நான் முதலில் காதால்தான் கேட்டேன். கேட்டபோது அது பாராட்டாக இருந்தது.

அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. மலாயாவில், சிலிம் ரிவருக்கு உள்ளே ஒரு ரப்பர் தோட்டத்து ஆஸ்பத்திரியில் வேலை. அப்பா ஈப்போ ரயில்வே கூட்ஸ் ஷெட்டில் மூட்டை தூக்கிக்கொண்டு என்னை மிஷன் பெண்கள் பள்ளியில் ஏழாம் வகுப்பு வரை படிக்க வைத்திருந்தார். பெண்கள் வார்டுக்கு இங்கிலீஷ் தெரிந்த தமிழ்ப் பெண் ஒருத்தி வேண்டும் என்று தோட்டத்திலிருந்து பள்ளிக்குக் கடிதம் வர, மிஸ் என்னை அனுப்பிவிட்டார். என் வேலைக்குச் சரியான பெயர் கிடையாது. கட்டில் துடைப்பேன், கட்டு மாற்றுவேன், வியாழக்கிழமைகளில் டாக்டர் வரும்போது அவர் பேசுவதைத் தமிழில் சொல்வேன். லயத்து வரிசை வீடுகளில் இருந்த கூலிப் பெண்கள் நர்ஸ் என்று கூப்பிட்டார்கள். தோட்டத்துப் பதிவில் ஆயா என்று இருந்தது.

டாக்டர் வெள்ளைக்காரர். காரில் வந்து, இரண்டு மணி நேரத்தில் எல்லாக் கட்டில்களையும் பார்த்துவிட்டு, மேனேஜர் பங்களாவில் சாப்பிட்டுவிட்டுப் போய்விடுவார். மற்ற ஆறு நாளும் ஆஸ்பத்திரி டிரெஸ்ஸர் கையில். கட்டுப் போட்டு மருந்து கொடுக்கிற அந்த டிரெஸ்ஸர் தைப்பிங்கில் பிறந்த தமிழர். நல்ல மனிதர்தான். ஆனால் யார் எது சொன்னாலும் தலையாட்டிவிட்டுத் தன் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்வார்.

அந்த வியாழக்கிழமை சின்ன தொரை விரலைப் பிடித்துக்கொண்டு வந்தார். உதவி மேனேஜர், என்னைவிட நாலைந்து வயதுதான் கூட இருக்கும். வலது கையில் நகச்சுத்து. விரல் நுனி நாவல்பழம் மாதிரி ஆகியிருந்தது. டாக்டர் அவரை நாற்காலியில் உட்காரவைத்து, விரலைச் சுற்றி மரத்துப்போக வைக்கிற ஊசி போட்டு, ஒரு சிகரெட் பற்றவைத்துக் கொடுத்து, அது பாதி எரியும் வரை காத்திருந்து, பிறகு கீறினார். நான்தான் கிண்ணம் பிடித்தேன். சின்ன தொரை முகத்தைத் திருப்பிக்கொண்டார். இரண்டு முறை முனகினார். முடிந்ததும் டாக்டர் அவர் தோளைத் தட்டிச் சிரித்தார்.

"நல்ல ஃபிளெக்மாட்டிக் ஆளப்பா நீ. உன் அப்பா இருந்தால் பெருமைப்பட்டிருப்பார்."

சின்ன தொரையின் காது சந்தோஷத்தில் சிவந்தது. பதக்கம் குத்திக்கொண்டவர் மாதிரி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு போனார். எனக்கு அந்தச் சொல் தெரியாது. தைரியசாலி என்று அர்த்தம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

டிரெஸ்ஸர் அறை அலமாரியில் தடியான டிக்ஷனரி ஒன்று இருந்தது. மாத ரிப்போர்ட் எழுத மட்டும் அதை எடுப்பார். அவர் மத்தியானம் வீட்டுக்குச் சாப்பிடப் போனதும் எடுத்தேன். எஃப் எழுத்தில் தேடினேன். ஒவ்வொரு பக்கமாக விரலை ஓட்டிப் பார்த்தேன். கிடைக்கவில்லை. தப்பாகக் கேட்டிருப்பேன் என்று விட்டுவிட்டேன்.

இரண்டு வாரம் கழித்து நாலாம் கட்டிலுக்கு ஒரு பெண் வந்தாள். பால்மரம் வெட்டுகிறவள். முப்பது வயது இருக்கலாம், அக்கா என்று கூப்பிட்டேன். வெறுங்காலோடு சரிவில் இறங்கும்போது வெட்டிப்போட்டிருந்த மூங்கில் முளை உள்ளங்காலில் ஏறியிருந்தது. பச்சிலை வைத்துக் கட்டிக்கொண்டு ஐந்து நாள் மலை ஏறி இறங்கி வெட்டியிருக்கிறாள். ஆறாம் நாள் காலையில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக்கு நிற்க முடியாமல் விழுந்திருக்கிறாள். கணுக்கால் வரை வீங்கிப் பளபளவென்று இருந்தது. கூடவே ஐந்து வயது மகள். கூட வருகிற பிள்ளைகளை வார்டுக்குள் விடக்கூடாது என்பது விதி. அவள் வெளி வராந்தாவில் ஜன்னலுக்குக் கீழே உட்கார்ந்திருந்தாள்.

டாக்டர் காலைப் பார்த்தார், விரலால் அழுத்தினார்.

"அசையாமல் இருக்கச் சொல்."

"அசையாதீங்க அக்கா," என்றேன்.

ஊசிக்காக நான் டிரேயைப் பார்த்தேன். டிரேயில் ஊசி இல்லை. டாக்டர் கத்தியை எடுத்துவிட்டார். என்னைக் கணுக்காலைப் பிடித்துக்கொள்ளச் சொன்னார். பிடித்துக்கொண்டேன். உள்ளங்காலின் குறுக்கே ஒன்று, நெடுக்கே ஒன்று. சீழ் கிண்ணத்தை நிறைத்தது. பிறகு இடுக்கியை உள்ளே விட்டு மூங்கில் சிராயைத் தேடினார். என் கைக்குள் அந்தக் கால் நடுங்கிக்கொண்டே இருந்தது. ஆனால் அக்கா வாயிலிருந்து ஒரு சத்தம் வரவில்லை. கூரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

டாக்டர் கை கழுவிக்கொண்டே டிரெஸ்ஸரிடம் சொன்னார்: "பார்த்தாயா? இவர்கள் எல்லாம் ஃபிளெக்மாட்டிக். ஆச்சரியமான ஜனங்கள்."

அதையே கட்டில் தலைமாட்டில் தொங்கிய சீட்டிலும் எழுதினார். அவர் போனதும் படித்தேன். அப்போதுதான் தெரிந்தது, அந்தச் சொல் எஃப் இல்லை, பி, எச் என்று தொடங்குகிறது என்று. பக்கத்தில் இன்னும் மூன்று இங்கிலீஷ் சொற்கள் இருந்தன. மயக்க மருந்து தேவை இல்லை.

மறுநாள் மத்தியானம் டிக்ஷனரியை மறுபடி எடுத்தேன். பி எழுத்தில் இருந்தது. முதல் அர்த்தம், எளிதில் கலங்காத, நிதானமான. அடுத்தது, உணர்ச்சி மந்தமான, சுறுசுறுப்பில்லாத, தடித்த. அதற்கும் கீழே சொல் எங்கிருந்து வந்தது என்று போட்டிருந்தது. பழைய காலத்து வெள்ளைக்கார வைத்தியர்கள் மனித உடம்பில் நாலு விதமான நீர் ஓடுவதாக நினைத்தார்களாம். அதில் ஒன்று அதிகமானால் மனிதன் குளிர்ந்துபோய், எதற்கும் அசையாமல் இருப்பானாம். அந்த நீரின் பெயரைப் படித்தேன். நம் ஊரில் கபம் என்பார்கள். வீட்டில் கோழை என்போம். நெஞ்சில் கட்டுகிற சளி.

கோழை! அதே சொல் தமிழில் பயந்தாங்கொள்ளிக்கும் ஆகும் என்பது டாக்டருக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. எனக்குத் தெரிந்தது. உடம்பெல்லாம் எரிந்தது. சின்ன தொரை வாங்கிக்கொண்டு போனது முதல் அர்த்தம். அக்காவுக்குக் கொடுத்தது இரண்டாவது. ஒரே வாய், ஒரே சொல். அவர் மனசு கலங்காதவர், அதனால் அவருக்கு ஊசி. இவள் உடம்புக்கு உணர்ச்சி கம்மி, அதனால் இவளுக்கு வெறுங்கத்தி.

இதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்று அன்று முழுக்க யோசித்தேன். சாந்தம் என்றால் கும்பிடத் தோன்றும். நிதானம் என்றால் பொறுப்பான ஆள் என்று ஆகும். மந்தம் என்றால் பள்ளிக்கூடத்தில் கடைசி பெஞ்சு. சொரணை இல்லை என்று சொன்னால் சண்டைக்கு வருவார்கள். இந்த நாலையும் ஒரே பைக்குள் போட்டுக்கொண்டு, வேண்டியபோது வேண்டியதை எடுக்க இங்கிலீஷில் இப்படி ஒரு சொல் இருந்தது. தமிழில் இருந்திருந்தால் டாக்டர் அதை அக்காவின் முகத்துக்கு நேராகச் சொல்ல வேண்டி வந்திருக்கும். இங்கிலீஷில் இருந்ததால் சீட்டில் எழுதித் தொங்கவிட்டுப் போய்விட்டார்.

சாயங்காலம் கட்டு மாற்றும்போது அக்காவின் கையைப் பார்த்தேன். இரண்டு உள்ளங்கையிலும் நாலு நாலு பிறை. நகம் இறங்கிய இடம். ரத்தம் காய்ந்து கறுத்திருந்தது. கஞ்சி குடிக்கும்போது ஒரு பக்கமாகவே குடித்தாள். கன்னத்துக்கு உள்ளே கடித்துக் கிழித்துக்கொண்டிருந்தாள்.

"ஏன்கா கத்தல? அவ்ளோ வலிச்சிருக்கு, ஒரு சத்தம் போடல?"

அவள் ஜன்னலைக் காட்டினாள். "சின்னவ வெளிய ஒக்காந்திருந்தா லா. நான் கத்துனா பயந்து ஓடிருவா. போன வருசம் அவ அப்பன் செத்தப்ப நான் கத்துனதுல, ரெண்டு நாளு பேச்சே வரல அவளுக்கு."

"வலிக்குதுன்னாவது சொல்லியிருக்கலாம்ல?"

அவள் என்னைப் பார்த்தாள். கோபம் இல்லை. ஆனால் அந்தப் பார்வையை நான் இன்றுவரை தாங்கிக்கொண்டுதான் இருக்கிறேன்.

"யாரு கேட்டா தங்கச்சி? நீ அசையாதன்ன. அசையாம இருந்தேன். வலிக்குதான்னு கேட்டியா நீ?"

கேட்கவில்லை. ஒரு பாஷையை இன்னொன்றுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கிற வேலை அந்த அறையில் என்னுடையதுதான். கணுக்காலைப் பிடித்து அழுத்தியதும் நான்தான்.

மறுநாள் பழைய சீட்டுகளை எல்லாம் எடுத்துப் பார்த்தேன். பெண்கள் வார்டில் அந்தச் சொல் அங்கங்கே இருந்தது. மார்பில் கட்டி கீறிய ஒருத்திக்கு. வெட்டுக்கத்தி பட்டு விரல் தையல் போட்ட ஒருத்திக்கு. எங்கெல்லாம் அது இருந்ததோ அங்கெல்லாம் மயக்க மருந்து தேவை இல்லை என்பதும் இருந்தது. டிரெஸ்ஸரிடம் கேட்டேன்.

"மருந்து இல்லையா ஐயா?"

"பெட்டி நெறைய இருக்கு. யாருக்குப் போடணும்னு டாக்டர்தான் சொல்லணும்."

"வலிக்கும்னு உங்களுக்குத் தெரியும்ல?"

அவர் பேனாவைத் துடைத்தார். "இந்தா பாரு புள்ள, உனக்கு வேல இருக்கு, எனக்கு வேல இருக்கு. சுசா பண்ணாத." சுசா என்றால் மலாயில் தொந்தரவு. கதவைச் சாத்திக்கொண்டார்.

அடுத்த வியாழக்கிழமைக்குள் கால் வீக்கம் குறைந்தது. ஆனால் புண்ணுக்குள் ஒரு சிராய் இன்னும் இருந்தது. தொட்டாலே தெரிந்தது. டாக்டர் வந்தார், பார்த்தார், மறுபடியும் திறக்க வேண்டும் என்றார்.

"அசையாமல் இருக்கச் சொல்."

நான் அக்கா பக்கம் திரும்பினேன். வார்டு முழுவதும் கேட்கிற மாதிரி, முதலில் தமிழில் கேட்டேன்.

"அக்கா, போன வாரம் வெட்டுனப்ப வலிச்சுதா?"

"வலிக்காம? உசுரே போச்சு."

டாக்டரிடம் திரும்பி இங்கிலீஷில் சொன்னேன். "சார், போன வாரம் உயிர் போவது போல வலித்தது என்று சொல்கிறாள்."

"உன்னைக் கேட்கச் சொல்லவில்லையே."

"இல்லை சார். யாரும் கேட்கவில்லை. அதனால்தான் கேட்டேன்."

அக்காவின் கையைப் பிடித்து விரித்துக் காட்டினேன். அவர் பார்த்தார். பார்த்துவிட்டு, சின்னப் பிள்ளைக்குச் சொல்வது போலப் பொறுமையாகச் சொன்னார். இந்த ஜனங்களின் உடம்பு வாகு அப்படி, இது வைத்தியச் சொல், ஆயாவுக்கு விளங்காது.

நான் கட்டில் தலைமாட்டில் தொங்கிய சீட்டைக் காட்டினேன்.

"டிக்ஷனரியில் பார்த்தேன் சார். அந்தச் சொல்லுக்குக் கலங்காதவர் என்றும் இருக்கிறது, மந்தம் என்றும் இருக்கிறது. சீட்டில் எதை எழுதினீர்கள்? கலங்காதவள் என்றால் சின்ன தொரையும் கலங்காதவர்தான், அவருக்கு ஊசி போட்டீர்கள். மந்தம் என்றால் அதை நான் இவளுக்குத் தமிழில் சொல்ல வேண்டும். சொல்லட்டுமா?"

டிரெஸ்ஸர் சுவரோடு சுவராக ஒட்டிக்கொண்டார். டாக்டரின் கழுத்து சிவந்தது. கத்தியை எடுத்தார். காலைப் பிடி என்று எனக்குச் சைகை காட்டினார்.

நான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன்.

எங்கள் பேச்சில் ஒரு வார்த்தை கூட அக்காவுக்குப் புரிந்திருக்காது. ஆனால் என் கை பின்னால் போனது புரிந்தது. காலை இழுத்துப் போர்வைக்குள் வைத்துக்கொண்டாள்.

"தங்கச்சி, அவர்கிட்ட சொல்லு. மருந்து போட்டா வெட்டட்டும். இல்லன்னா நான் இப்பிடியே லயத்துக்கு நடந்து போறேன்."

சொன்னதோடு நிற்காமல் எழுந்து புண் காலைத் தரையில் ஊன்றினாள். கட்டுத்துணி சிவந்தது. அவள் உட்காரவில்லை. கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஆறாம் கட்டிலில் காய்ச்சலோடு படுத்திருந்த கிழவி எழுந்து உட்கார்ந்து, "போடச் சொல்லுங்க, ஊசியப் போடச் சொல்லுங்க," என்றாள். பிள்ளை பெற்று மூன்று நாளான ஒருத்தி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு கட்டில் பக்கம் வந்து நின்றாள். எல்லோரும் டாக்டரைப் பார்த்தார்கள்.

டாக்டர் கடைசியில் டிரெஸ்ஸரைப் பார்க்காமலே, "சிரிஞ்ச் கொண்டு வா," என்றார். டிரெஸ்ஸர் ஓடினார். அவர் அவ்வளவு வேகமாக ஓடி நான் பார்த்ததில்லை.

ஊசி போட்டு, கால் மரத்துப்போனதும் வெட்டினார். நான் வராந்தாவில் இருந்த சின்னவளை உள்ளே கூட்டி வந்து அம்மாவின் தலைமாட்டில் உட்காரவைத்தேன். விதியை யாரும் ஞாபகப்படுத்தவில்லை. அப்போது அக்கா வாயைத் திறந்தாள். வலியே இல்லாத அந்த நேரத்தில்தான் அவள் திட்டத் தொடங்கினாள். மூங்கிலைத் திட்டினாள். மூங்கிலை வெட்டிப் போட்டுவிட்டுப் போனவனைத் திட்டினாள். காலில் கட்டோடு நின்றவளை மலைக்கு விரட்டிய கங்காணியை, அவன் மீசையை, அவன் வம்சத்தை. பிறகு போன வாரத்துக் கத்தியைப் பிடித்த கை யாருடையதோ அதையும். சின்னவள் முதலில் விழித்தாள், அப்புறம் கையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

"என்ன சொல்கிறாள்?" என்றார் டாக்டர், தலை நிமிராமல்.

"சொல்லவா சார்?"

"சொல்."

சொன்னேன். ஒன்றையும் விடவில்லை. மொழிபெயர்ப்பது என் வேலை, அந்த வேலையை அன்றுதான் ஒழுங்காகச் செய்தேன். ஒரே ஒரு வசவுக்கு மட்டும் இங்கிலீஷ் கிடைக்கவில்லை. அதைத் தமிழிலேயே சொன்னேன். டாக்டர் கடைசிச் சிராயை இடுக்கியால் எடுத்துக் கிண்ணத்தில் போட்டார். டக்கென்று சத்தம் கேட்டது. விரல் நீளம் இருந்தது.

மறுநாள் காலையில் பெரிய தொரை, அதாவது மேனேஜர், என்னை ஆபீசுக்குக் கூப்பிட்டார். நான் வராந்தாவில் நின்றேன். அவர் உள்ளே மேசைக்குப் பின்னால் இருந்தார். டாக்டரிடம் மன்னிப்புக் கேட்டு ஒரு கடிதம் எழுதினால் வேலையில் இருக்கலாம் என்றார். கோபமாகச் சொல்லவில்லை. எனக்கு நல்லது செய்வதாகவே நினைத்திருப்பார்.

"எந்த வார்த்தைக்கு மன்னிப்புக் கேட்கணும் சார்? நான் சொன்னதுக்கா, அவர் எழுதினதுக்கா?"

அவர் மணியடித்து ஆபீஸ் குமாஸ்தாவான கிராணியைக் கூப்பிட்டார். மத்தியானத்துக்குள் அறையைக் காலி செய்யச் சொன்னார்கள்.

பெட்டியைக் கட்டிக்கொண்டு வார்டுக்குப் போனேன். அக்காவிடம், "போயிட்டு வாரேன் அக்கா," என்றேன். "என்னாலதான?" என்றாள். இல்லை என்றேன். உண்மையில் இல்லை. முதல் வியாழக்கிழமை நான் கேட்டிருந்தால் இந்தப் பெட்டியை ஒரு வாரம் முன்பே கட்டியிருப்பேன், அவ்வளவுதான். அவள் எழ முயன்றாள், வேண்டாம் என்று தடுத்தேன். சின்னவள் தோட்டத்துக் கேட் வரை என் துணிப்பையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். பேசிக்கொண்டே வந்தாள்.

டிரெஸ்ஸர் பின்னாலேயே வந்து ஒரு கவரைக் கொடுத்தார். டாக்டர் எழுதிய நன்னடத்தைச் சான்று. இரண்டே வரி. சுத்தமானவள், நேர்மையானவள், எளிதில் உணர்ச்சிவசப்படுகிறவள். ரயிலில் அதைத் திரும்பத் திரும்பப் படித்தேன். எனக்குக் கிடைத்தது அந்தச் சொல்லுக்கு நேர் எதிர்ச் சொல். என் உடம்பில் கோழை போதவில்லை என்று டாக்டர் கண்டுபிடித்திருந்தார். கிழித்து ஜன்னலுக்கு வெளியே போட நினைத்தேன். போடவில்லை. பத்திரமாக மடித்து வைத்துக்கொண்டேன். வேறு சான்று என்னிடம் கிடையாது.

ஈப்போவில் அப்பா என் பெட்டியை வாங்கி உள்ளே வைத்தார். அம்மா மூன்று நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. நாலாம் நாள் டவுன் ஆஸ்பத்திரிக்குப் போய், பிரசவ வார்டில் பயிற்சிக்கு ஆள் எடுக்கிறார்களா என்று கேட்டேன். மேட்ரன் ஒரு கறாரான வெள்ளைக்கார அம்மாள். சான்றைப் படித்தார். கண்ணாடிக்கு மேலே என்னைப் பார்த்தார்.

"எளிதில் உணர்ச்சிவசப்படுவாயா?"

"காரணம் இருந்தால், மேடம்."

"என்ன காரணம் இருந்தது?"

நடந்ததைச் சொன்னேன். எந்த டாக்டர் என்று அவர் கேட்கவில்லை. அந்தச் சொல்லை மட்டும் வாய்க்குள் ஒரு முறை சொல்லிப் பார்த்துக்கொண்டார். பிறகு, "இங்கே சத்தம் போட்டால் நோயாளிகள் போடலாம், நீ போடக்கூடாது. திங்கட்கிழமை வா," என்றார்.

போனேன். முப்பது வருஷத்துக்கு மேல் அந்த வேலையில் இருந்தேன். பிள்ளை பெற வருகிற பெண்களில் கத்துகிறவர்களும் உண்டு, பல்லைக் கடிக்கிறவர்களும் உண்டு. தமிழச்சி, சீனச்சி, மலாய்க்காரி, எல்லோரிலும் இரண்டும் உண்டு. பல்லைக் கடிக்கிறவளிடம்தான் நான் முதலில் போய்க் கேட்பேன். அவள் என்ன சொன்னாளோ அதையே சீட்டில் எழுதுவேன். அவளைப் பற்றி நான் என்ன நினைத்தேன் என்பதை எழுதியதில்லை. ஒரு இளம் டாக்டர் ஒருமுறை, இது சீட்டா, நாவலா என்று கேட்டார். படித்துப் பாருங்கள் என்றேன்.

தோட்டத்தை விட்டு ஒரு வருஷம் கழித்து ஈப்போ ஸ்டேஷனில் டிரெஸ்ஸரைப் பார்த்தேன். தைப்பிங்குக்கு வண்டி மாறுவதற்காக நின்றுகொண்டிருந்தார். அவரே கூப்பிட்டார். அக்காவுக்குக் கால் ஆறிவிட்டது, கொஞ்சம் சாய்த்துத்தான் நடக்கிறாள், மகளோடு ஆயர் தாவார் பக்கம் தம்பி இருக்கிற தோட்டத்துக்குப் போய்விட்டாள் என்றார். டாக்டர் இன்னும் வியாழக்கிழமை வருகிறாராம்.

"அந்தச் சொல்ல இன்னும் எழுதுறாரா?"

"எழுதுறாரு. ஆனா ஊசியும் போடுறாரு. போடாம விட மாட்டேங்கறாளுங்க. லயம் முழுக்கத் தெரிஞ்சு போச்சு. கட்டில்ல படுக்கறதுக்கு முன்னாலயே, ஊசி இருக்கான்னு கேக்குறாளுங்க." கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார். "நீ போனதுலேர்ந்து பொம்பள வார்டுல ஒரே சத்தம் புள்ள. என்னால ரிப்போர்ட் எழுத முடியல."

"சத்தம் போடட்டும் ஐயா," என்றேன்.

அவர் வண்டி வந்தது. பெட்டியை ஏற்ற ஒரு கை கொடுத்தேன்.